மணிக்குச் சவுக்கடி, பிணத்துக்குப் பட்டாபிஷேகம்!

உங்களுக்குத் தெரியுமா? ரஷ்யாவில் ஒரு தேவாலய மணியையே நாடு கடத்தியிருக்கிறார்கள்! மணியடித்தவரை இல்லை, மணியை!

1591. உக்லிச் என்கிற சிற்றூர். இளவரசன் திமீத்ரி கழுத்தில் கத்திக் காயத்தோடு முற்றத்தில் கிடந்தான். வயது எட்டு! தேவாலய மணியை அடித்தார்கள். ஊரே திரண்டது. சந்தேகத்துக்கு ஆளானவர்களை எல்லாம் கூட்டம் அடித்தே கொன்றது.

மாஸ்கோவிலிருந்து விசாரணை வந்தது. மணியும் குற்றவாளி என்று முடிவானது! கோபுரத்திலிருந்து இறக்கினார்கள். சவுக்கால் விளாசினார்கள். நாக்கைப் பிடுங்கினார்கள். மாட்டித் தொங்கவிடும் காதை அறுத்தார்கள். எடை 300 கிலோவுக்கு மேல். அதை சைபீரியாவில் இருக்கும் தொபோல்ஸ்க் வரை கொண்டுபோய்த் தள்ளினார்கள்!

விடுதலை எப்போது? 1892-ல்! ஏறக்குறைய 300 வருடம் தண்டனை அனுபவித்துவிட்டு ஊர் திரும்பியது மணி. உக்லிச் போனால் இன்றைக்கும் பார்க்கலாம். இதற்கே வாயைப் பிளந்தால் எப்படி? இனிமேல்தான் கச்சேரியே!

செத்துப்போன அதே திமீத்ரி, 1605-ல் மாஸ்கோ சிம்மாசனத்தில் உட்கார்ந்தான்! "நான்தான் திமீத்ரி, அன்றைக்குத் தப்பிவிட்டேன்" என்று கிளம்பி வந்த ஓர் ஆள். கிட்டத்தட்ட ஒரு வருடம் ஆண்டான். 1606-ல் கொன்றார்கள். உடலை எரித்தார்கள். சாம்பலைப் பீரங்கியில் அடைத்து, அவன் எந்தப் போலந்துப் பக்கமிருந்து வந்தானோ அந்தத் திசை பார்த்துச் சுட்டார்கள்!

அதோடு முடிந்ததா? இன்னொரு திமீத்ரி முளைத்தான்! முதல் ஆளின் மனைவி மரீனா, "இவர்தான் என் கணவர்" என்று ஊரறிய ஏற்றுக்கொண்டாள். அவனும் கொல்லப்பட்டான். மூன்றாவது திமீத்ரி வந்து நின்றான். ஒரே பிள்ளைக்கு மூன்று போலிகள்!

அந்தப் பிள்ளையின் அப்பா யார்? 'பயங்கர' இவான்! ஜார் என்ற பட்டத்தோடு முடிசூடிய முதல் மன்னர். அப்போது வயது 16. 1575-ல் திடீரென்று சிம்மாசனத்தை விட்டு இறங்கினார். சிமியோன் என்ற தாத்தார் இளவரசரைப் பிடித்து அதில் உட்கார வைத்தார். குடிமகன் மாதிரி சிமியோனுக்குப் பணிவாக மனுவும் எழுதிப் போட்டார்! ஒரு வருடம் போனது. சிமியோனை எழுப்பிவிட்டுத் தானே மறுபடி உட்கார்ந்துகொண்டார். ஏன் இப்படிச் செய்தார் என்று வரலாற்றாசிரியர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள்!

இந்த இவான் 1581-ல் தன் மூத்த மகனையே அடித்துக் கொன்றார். அந்தக் காட்சியை இல்யா ரேப்பின் வரைந்த ஓவியம் மாஸ்கோவில் இருக்கிறது. 1913-ல் ஓர் ஆள் அதைக் கத்தியால் கிழித்தான். 2018-ல் இன்னொருவன் இரும்புக் கம்பியால் தாக்கினான். 105 வருட இடைவெளியில் ஒரே படத்துக்கு இரண்டு தாக்குதல்!

மணியை விட்டுவிட்டேனே! உலகத்திலேயே கனமான மணி கிரெம்ளினில் இருக்கிறது. ஜார் மணி. 1735-ல் வார்த்தார்கள். சுமார் 200 டன்! உயரம் 6 மீட்டருக்கு மேல்! அது எத்தனை முறை ஒலித்தது? ஒரு முறைகூட இல்லை! 1737-ல் தீ விபத்து. சூடேறிய மணி மேல் தண்ணீர் பட்டதும் ஒரு சில்லு பிளந்துகொண்டது. அந்தச் சில்லின் எடை மட்டும் 11 டன்னுக்கு மேல்! அப்புறம் 1836 வரை குழியிலேயே கிடந்தது.

பக்கத்திலேயே ஜார் பீரங்கி. 1586-ல் செய்தது. வாயின் அகலம் 89 சென்டிமீட்டர். ஒரு போரிலும் சுட்டதில்லை!

மாஸ்கோ தானிலோவ் மடத்தின் 18 மணிகள் 1930-ல் அமெரிக்காவுக்குப் போயின. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் தொங்கின. உருக்கப்படாமல் அவை தப்பியதே ஓர் அமெரிக்கப் பணக்காரர் வாங்கியதால்தான்! 2008-ல்தான் வீடு திரும்பின.

இப்போது பிணத்துக்குப் பட்டாபிஷேகம்! நான் தேடியதிலேயே இதுதான் உச்சம்.

1762-ல் ஜார் மூன்றாம் பீட்டரை அவர் மனைவி கேத்தரினே ஆட்சியிலிருந்து கவிழ்த்தார். சில நாளில் பீட்டர் காவலில் செத்தார். முடிசூட்டு விழா நடக்காமலேயே போய்ச் சேர்ந்தார். 34 வருடம் கழித்து கேத்தரினும் இறந்தார். மகன் பாவெல் ஆட்சிக்கு வந்தார். முதல் வேலையாக அப்பாவின் கல்லறையைத் தோண்டச் சொன்னார். சவப்பெட்டிக்குக் கிரீடம் சூட்டினார்! அம்மாவின் பெட்டிக்குப் பக்கத்திலேயே அப்பாவின் பெட்டியையும் வைத்து, இருவருக்கும் ஒன்றாக இறுதி ஊர்வலம் நடத்தினார்!

அந்த ஊர்வலத்தில் கிரீடத்தைச் சுமந்து நடந்தவர் யார் தெரியுமா? அலெக்சி ஓர்லோவ்! பீட்டர் யாருடைய காவலில் செத்தாரோ, அதே ஓர்லோவ்! வயசான காலத்தில் கடும் குளிரில் நடக்க வைத்தார் பாவெல். மகன் என்றால் இவரல்லவா மகன்!

இதே பாவெல் இந்தியாவைப் பிடிக்கவும் படை அனுப்பினார்! 1801 ஜனவரியில் உத்தரவு. சுமார் 22,000 தோன் கோசாக்குகள் குதிரையில் புறப்பட்டார்கள். மார்ச்சில் பாவெலை அவரது படுக்கையறையிலேயே கொன்றுவிட்டார்கள். வழியிலேயே படைக்குச் செய்தி போனது: திரும்பு!

இந்தியா என்றதும் ஒரு புதையல் சொல்கிறேன். வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டில் கால் வைத்தது 1498-ல். அதற்கு 25 வருடத்துக்கும் முன்பே ஒரு ரஷ்ய வியாபாரி இங்கே சுற்றிவிட்டுப் போயாயிற்று! பெயர் அஃபனாசி நிக்கித்தின். விற்பதற்கு ஒரே ஒரு குதிரையைக் கப்பலில் கொண்டுவந்தார். ஜுன்னாரில் ஆட்சியாளர் அதைப் பிடுங்கிக்கொண்டு, "மதம் மாறினால் தருகிறேன்" என்றார். நிக்கித்தின் மாறவில்லை. குதிரையும் திரும்பக் கிடைத்தது! பீதர் நகரம் வரை பார்த்து எல்லாவற்றையும் எழுதி வைத்தார். சொந்த ஊர் போய்ச் சேரும் முன்பே இறந்துவிட்டார். குறிப்புகள் மட்டும் பிழைத்தன!

நம் சென்னைக்கு வந்த ரஷ்ய வயலின் கலைஞரைக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? கெராசிம் லெபெதேவ்! 1785-ல் மெட்ராஸில் வந்து இறங்கினார். இரண்டு வருடம் இங்கேயே கச்சேரி செய்தார். அப்புறம் கல்கத்தா போய், 1795-ல் வங்காளிகளுக்கு அவர்கள் மொழியில் முதல் நவீன நாடக மேடையைக் கட்டிக் கொடுத்தார்!

கிரெம்ளினில் கேத்தரினின் செங்கோல் இருக்கிறது. உச்சியில் ஓர்லோவ் வைரம். சுமார் 190 காரட்! அது ஸ்ரீரங்கம் ரங்கநாதர் கோயிலிலிருந்து ஒரு பிரெஞ்சுச் சிப்பாய் திருடிப்போனது என்று வழிவழியாகச் சொல்கிறார்கள். நம்ம பெருமாள் எங்கே, மாஸ்கோ எங்கே!

இன்னொரு பெருமை. 1908-ல் டால்ஸ்டாய் ஓர் இந்தியருக்கு நீண்ட கடிதம் எழுதினார். அதில் மேற்கோள் காட்டியது எதை? திருக்குறளை! அதைப் படித்த காந்தி தன் பத்திரிகையில் வெளியிட்டார். அடுத்து 1910-ல் தென்னாப்பிரிக்காவில் 1,100 ஏக்கரில் டால்ஸ்டாய் பண்ணை எழுந்தது. வள்ளுவர், டால்ஸ்டாய், காந்தி மூவரும் ஒரே கடிதத்தில்!

சரி, பீட்டருக்கு வருவோம். மகா பீட்டர். உயரம் 2 மீட்டருக்கு மேல்!

தாடிக்கு வரி போட்டார்! பெரிய வியாபாரி என்றால் வருடத்துக்கு 100 ரூபிள் வரை. கட்டினால் ஒரு செப்பு வில்லை தருவார்கள். அதில் மூக்கு, மீசை, தாடி படம் பொறித்திருக்கும். கிராமத்து விவசாயி தாடியோடு நகர வாசலைத் தாண்டினால் அங்கேயே காசு வைக்க வேண்டும். தாடியை மழிப்பதே பாவம் என்று நம்பிய ஜனங்கள் அவர்கள்! கொடுத்துத்தான் காப்பாற்றினார்கள். வரி ஒழிந்தது 1772-ல்!

1697-ல் இதே சக்கரவர்த்தி பீட்டர் மிகைலோவ் என்று பெயரை மாற்றிக்கொண்டு ஆம்ஸ்டர்டாம் கப்பல் பட்டறையில் கோடரி பிடித்துத் தச்சு வேலை பார்த்தார்!

பல் பிடுங்குவதில் அவருக்கு அலாதிப் பிரியம். அரண்மனை ஆட்கள் பல்வலி என்று வாய் திறக்கவே பயந்தார்கள். அவர் பிடுங்கிய பற்கள் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் அருங்காட்சியகத்தில் இன்றும் பத்திரம்!

உலகம் தோன்றியதிலிருந்து கணக்கு வைத்த ரஷ்யாவில் அப்போது 7208-ஆம் வருடம். பீட்டர் ஓர் உத்தரவு போட்டார். விடிந்தால் 1700!

1714-ல் இன்னொரு உத்தரவு. செயின்ட் பீட்டர்ஸ்பர்க் தவிர ரஷ்யாவில் வேறெங்கும் கல் கட்டடம் கட்டக் கூடாது! புது நகரத்துக்குள் வரும் ஒவ்வொரு வண்டியும் படகும் கல் கொண்டுவந்தாக வேண்டும்!

பீட்டர் 10 வயதில் முடிசூடியபோது அண்ணன் இவானும் கூடவே ஜார். இருவருக்கும் சேர்த்து இரட்டை வெள்ளிச் சிம்மாசனம் செய்தார்கள். அதன் முதுகில் ஒரு துவாரம்! பின்னால் மறைந்து உட்கார்ந்து என்ன பேச வேண்டும் என்று பையன்களுக்குக் கிசுகிசுப்பதற்காக! துவாரத்தோடு அப்படியே கிரெம்ளினில் இருக்கிறது.

பீட்டருக்குப் பின் ஆட்சிக்கு வந்தவர் அவர் மனைவி முதலாம் கேத்தரின். பிறந்தது ஏழைக் குடும்பத்தில். வேலைக்காரியாக இருந்தவர். எழுதப் படிக்கத் தெரியாது. ஆண்டதோ ரஷ்யப் பேரரசை!

அடுத்தது பனிக்கட்டி அரண்மனை. இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள்.

கோலித்சின் என்று ஒரு பிரபு. வெளிநாட்டில் ஓர் இத்தாலியப் பெண்ணைக் காதலித்தார். அவளுக்காகக் கத்தோலிக்க மதத்துக்கும் மாறினார். பேரரசி அன்னா கோபம் கொண்டு அவரை அரண்மனைக் கோமாளியாக்கினார். கூடை மேல் உட்கார்ந்து கோழி மாதிரி கொக்கரிக்க வேண்டும். அதுதான் உத்தியோகம்! இத்தாலிய மனைவி இறந்துபோனாள்.

1740-ல் பேரரசியே அவருக்கு இன்னொரு கல்யாணம் முடித்துவைத்தார். மணப்பெண் அரண்மனைப் பணிப்பெண். நேவா நதிக்கரையில் முழுக்க முழுக்கப் பனிக்கட்டியால் அரண்மனை எழுந்தது. கட்டில் பனிக்கட்டி! தலையணை பனிக்கட்டி! வாசலில் பனிக்கட்டிப் பீரங்கிகள், அவை நிஜமாகவே சுட்டன! பனிக்கட்டி யானை பகலில் தண்ணீர் பீய்ச்சியது, இரவில் எரியும் எண்ணெய் கக்கியது! மணமக்களைக் கூண்டில் அடைத்து, நிஜ யானை முதுகில் ஏற்றி ஊர்வலம் விட்டார்கள். ராத்திரி உள்ளே தள்ளி வாசலில் காவல் போட்டார்கள்.

விடிந்தது. இருவரும் உயிரோடு இருந்தார்கள்! அதே வருடம் செத்தது பேரரசி அன்னா. கோலித்சின் 1775 வரை வாழ்ந்தார்! சபாஷ் என்று கத்தத் தோன்றுகிறது எனக்கு.

அன்னாவுக்குப் பின் அரியணை ஏறிய ஆறாம் இவானுக்கு வயது இரண்டு மாதம்! ஒரு வருடம் தாண்டியதும் இறக்கிவிட்டார்கள். மீதி வாழ்க்கை முழுக்கச் சிறைதான். 23 வயதில் அங்கேயே கொன்றார்கள். என்ன பாவம் செய்தது அந்தக் குழந்தை!

அடுத்து வந்த எலிசபெத் பேரரசி விட்டுப்போன உடைகள் 15,000! அவர் ஆண்ட 20 வருடத்தில் நிறைவேறிய மரண தண்டனை எத்தனை? பூஜ்ஜியம்!

குளிர்கால அரண்மனையில் எலித் தொல்லை. 1745-ல் எலிசபெத் அரச ஆணை போட்டு கசான் நகரத்துப் பூனைகளை வரவழைத்தார். அதே இடத்தில் இன்று எர்மித்தாஷ் அருங்காட்சியகம். பூனைகள் இப்போதும் பணியில்!

கேத்தரின் தி கிரேட் உடம்பில் ஒரு சொட்டு ரஷ்ய ரத்தம் கிடையாது. ஜெர்மன் இளவரசி. பிறந்தபோது பெயர் சோஃபி!

1768-ல் அவர் பெரியம்மைக்கு அம்மை குத்திக்கொண்டார். ஐரோப்பாவே நடுங்கிய காலம்! இங்கிலாந்திலிருந்து டாக்டர் டிம்ஸ்டேல் ரகசியமாக வந்தார். ராணிக்கு ஏதாவது ஆகிவிட்டால் டாக்டரை ஜனங்கள் விடமாட்டார்கள் அல்லவா? அவர் தப்பி ஓட, வழி நெடுகக் குதிரைகளைத் தயாராக நிறுத்தி வைத்தார் கேத்தரின்! ராணி பிழைத்தார். டாக்டருக்கு 10,000 பவுண்டு, ஆயுளுக்கும் வருடம் 500 பவுண்டு, பிரபு பட்டம்!

யாருடைய கொப்புளத்திலிருந்து அம்மைப்பால் எடுத்தார்கள்? அலெக்சாண்டர் மார்க்கோவ் என்ற சிறுவனிடமிருந்து. அவனுக்கும் பிரபு பட்டம் கிடைத்தது. கூடவே 'அம்மைக்காரர்' என்று ஒரு குடும்பப் பெயரும்!

கோயில் பக்கம் திரும்புவோம். சிலுவை போடுவது இரண்டு விரலாலா, மூன்று விரலாலா? இதற்காக ரஷ்யா இரண்டாகப் பிளந்தது! 1650-களில் நிக்கோன் என்ற முதுபெரும் தந்தை மூன்று விரல் என்றார். பழைய முறைக்காரர்கள் உயிரைக் கொடுத்தார்கள், விரலை மாற்றவில்லை.

அவ்வாக்கும் என்ற பாதிரியாரை ஆர்க்டிக் ஓரத்தில் மண்குழிச் சிறையில் 14 வருடம் போட்டார்கள். அங்கிருந்தே தன் வாழ்க்கை வரலாற்றை எழுதினார். ரஷ்ய இலக்கியத்தின் பொக்கிஷம் அது! 1682-ல் உயிரோடு எரித்தார்கள்.

சொலோவெத்ஸ்கி மடத்துத் துறவிகள் ஜாரின் படையை எதிர்த்து நின்றது எத்தனை நாள்? எட்டு வருடம்!

அந்தப் பழைய நம்பிக்கைக்காரர்களில் ஒரு குடும்பம் 1936-ல் சைபீரியக் காட்டுக்குள் ஓடியது. 1978-ல் ஹெலிகாப்டரில் வந்த நிலவியல் ஆய்வாளர்கள்தான் கண்டுபிடித்தார்கள். 40 வருடத்துக்கு மேல் வெளியாள் முகமே பார்க்கவில்லை. இரண்டாம் உலகப்போர் நடந்ததே அவர்களுக்குத் தெரியாது! கையில் இருந்தது விதையும் வேதப் புத்தகமும். அந்த உறுதியை நினைத்தால் எனக்கு மெய்சிலிர்க்கிறது!

1700-க்குப் பின் ரஷ்ய சபைக்கு முதுபெரும் தந்தையே இல்லை. பீட்டர் விடவில்லை. 1917 நவம்பரில் மறுபடி தேர்தல். பெட்டிக்குள் மூன்று பெயர்ச் சீட்டுகள். மாஸ்கோ கிறிஸ்து ரட்சகர் பேராலயத்தில், முதிய துறவி ஒருவர் ஜெபம் செய்துவிட்டு ஒரு சீட்டை எடுத்தார். தீகோன்! மூவரில் மிகக் குறைந்த ஓட்டு வாங்கியவர் அவர்தான். குலுக்கலில் ஜெயித்தது அவரே! 217 வருட இடைவெளி முடிந்தபோது போல்ஷெவிக்குகள் ஆட்சிக்கு வந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை!

1895-ல் துகபோர் என்ற சமயக் குழுவினர் தங்கள் ஆயுதங்களை எல்லாம் குவித்துக் கொளுத்தினார்கள். இனி யாரையும் கொல்லமாட்டோம்! அரசு வதைத்தது. டால்ஸ்டாய் 'புத்துயிர்ப்பு' நாவலை முடித்து, அதில் வந்த பணத்தைக் கப்பல் செலவுக்குக் கொடுத்தார். 7,000 பேருக்கு மேல் கனடா போய்ச் சேர்ந்தார்கள். ஒரு நாவல் ஒரு சமூகத்தையே கடல் தாண்டவைத்தது! 1901-ல் சபை டால்ஸ்டாயை விலக்கிவைத்தது.

1826. ஜாரை எதிர்த்துக் கிளம்பிய ஐந்து 'டிசம்பர் புரட்சிக்காரர்களை'த் தூக்கில் போட்டார்கள். மூன்று கயிறுகள் அறுந்தன! விட்டார்களா? புதுக் கயிறு கொண்டுவந்து மறுபடி போட்டார்கள்.

சைபீரியாவுக்குக் கடத்தப்பட்ட மற்றவர்களின் மனைவிமார் சுகத்தை எல்லாம் உதறிவிட்டுப் பின்னாலேயே போனார்கள். 1850-ல் தொபோல்ஸ்க் சிறைக்கு ஓர் இளம் கைதி வந்தான். அந்தப் பெண்கள் அவனைத் தேடிப் போய் ஒரு புதிய ஏற்பாடு கொடுத்தார்கள். அட்டைக்குள் 10 ரூபிள் ஒளித்து வைத்திருந்தார்கள்! கைதியின் பெயர் தஸ்தயேவ்ஸ்கி. சில வாரம் முன்புதான் துப்பாக்கிகளுக்கு முன் சாவுக்கு நின்று, கடைசி நிமிடத்தில் ஜாரின் கருணையால் பிழைத்தவர். அந்தப் புத்தகத்தைச் சாகும்வரை வைத்திருந்தார்!

1861-ல் ஒரே ஆணையில் விடுதலையான பண்ணையடிமைகள் சுமார் 2 கோடியே 30 லட்சம் பேர்! அமெரிக்காவில் லிங்கனின் அறிவிப்பு வந்தது அதற்கும் இரண்டு வருடம் கழித்துத்தான்.

அலாஸ்காவை 1867-ல் ரஷ்யா விற்றது. விலை 72 லட்சம் டாலர். ஏக்கருக்கு 2 சென்ட்! கைமாறிய வாரத்தில் நாட்காட்டி மாறியதால் அலாஸ்காவில் வெள்ளிக்கிழமைக்கு மறுநாளும் வெள்ளிக்கிழமை! அக்டோபர் 6-க்கு அடுத்த நாள் அக்டோபர் 18!

பண்ணையடிமைகளுக்கு விடுதலை தந்த ஜார் இரண்டாம் அலெக்சாண்டரை 1881-ல் குண்டு வீசிக் கொன்றார்கள். முதல் குண்டில் தப்பிவிட்டார். காயம்பட்டவர்களைப் பார்க்க வண்டியை விட்டு இறங்கினார். இரண்டாவது குண்டு! ரத்தம் சிந்திய அதே இடத்தில் பேராலயம். உள்ளே 7,000 சதுர மீட்டருக்கு மேல் மொசைக்! சோவியத் காலத்தில் அங்கே காய்கறி மூட்டை அடுக்கினார்கள். 1961-ல் குவிமாடத்தில் வெடிக்காத ஜெர்மன் குண்டு ஒன்றைக் கண்டெடுத்தார்கள். போர் முடிந்து 16 வருடம் அங்கேயே பதுங்கியிருந்தது!

கடைசி ஜார் இரண்டாம் நிக்கோலஸ் இளவரசராக இருந்தபோது ஜப்பான் போனார். 1891 மே 11. காவலுக்கு நின்ற போலீஸ்காரரே வாளால் தலையில் வெட்டினார்! கூடப்போன கிரேக்க இளவரசர் கைத்தடியால் தடுத்தார். ரிக்‌ஷா இழுத்தவர்கள் பாய்ந்து ஆளைப் பிடித்தார்கள். அவர்களுக்கு ரஷ்யா ஓய்வூதியமே கொடுத்தது! ரத்தக்கறை படிந்த சட்டையைத் துவைக்காமல் எடுத்து வைத்தார்கள். ஒரு நூற்றாண்டுக்குப் பின் எலும்புகள் கிடைத்தபோது, நிக்கோலஸை மரபணுவால் உறுதிசெய்ய உதவியது அந்தச் சட்டைதான்!

தலைக்காயத்தோடு நேராக விளாதிவாஸ்தோக் போனார். தள்ளுவண்டியில் மண் கொட்டி டிரான்ஸ்-சைபீரியன் ரயில்பாதையைத் தொடங்கிவைத்தார். நீளம் 9,289 கிலோமீட்டர்! 1904-ல் ஜப்பானோடு நடந்த போர் அவசரத்தில் உறைந்த பைக்கால் ஏரி மேலேயே தண்டவாளம் போட்டார்கள். ஓர் எஞ்சின் பனியை உடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டது!

1896-ல் முடிசூட்டு விழா. ஜனங்களுக்கு ஒரு எனாமல் குவளை, ரொட்டி, கொஞ்சம் தின்பண்டம் இலவசம் என்றார்கள். ஹொதின்கா மைதானத்தில் நெரிசல். அரசுக் கணக்கிலேயே செத்தவர்கள் 1,389 பேர்! ஒரு குவளைக்காக! அன்று இரவு ஜார் விருந்து நடனத்துக்குப் போனார். ஜனங்கள் அதை மறக்கவே இல்லை.

1897 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு. தொழில் என்ன என்ற கட்டத்தில் நிக்கோலஸ் நிரப்பியது: ரஷ்ய நிலத்தின் உரிமையாளர்! அன்றைக்கு அந்த நிலத்தில் இருந்தவர்கள் 12 கோடியே 56 லட்சம் பேர்!

இங்கிலாந்து ஐந்தாம் ஜார்ஜும் நிக்கோலஸும் அக்கா தங்கை பிள்ளைகள். இரட்டையர் என்றே நினைப்பீர்கள்! ஜெர்மன் கைசரும் உறவுதான். 1914-ல் போர் மூளும் நேரத்தில்கூட 'வில்லி', 'நிக்கி' என்று கையெழுத்துப் போட்டு ஆங்கிலத்தில் தந்தி அடித்துக்கொண்டார்கள்!

நகைக் கலைஞர் ஃபேபர்ஷே செய்த அரச ஈஸ்டர் முட்டைகள் 50. 1887-இல் செய்தது காணாமல் போனது. அமெரிக்காவில் பழைய உலோக வியாபாரி ஒருவர் சுமார் 14,000 டாலருக்கு வாங்கிவைத்தார். உருக்கித் தங்கமாக விற்கத்தான்! தங்கம் அவ்வளவு பெறாது என்று ஒருவரும் எடுக்கவில்லை. வருடக்கணக்கில் வீட்டில் கிடந்தது. 2012-ல் இணையத்தில் தேடிப் பார்த்தார். மதிப்பு சுமார் 3 கோடியே 30 லட்சம் டாலர்!

படத்தின் தொடக்கத்தில் 'இதில் வரும் பாத்திரங்கள் கற்பனையே' என்று போடுகிறார்களே, அதற்கு வழிவிட்டது ஜார் குடும்பத்துக்கு நெருக்கமான சாமியார் ரஸ்புடினின் கொலை! 1932-ல் எம்.ஜி.எம். நிறுவனம் எடுத்த படத்தின் மீது, கொலையில் பங்கேற்ற யூசுப்போவின் மனைவி லண்டனில் வழக்குப் போட்டு ஜெயித்தார். இழப்பீடு 25,000 பவுண்டு. அன்றிலிருந்து சினிமாக்காரர்கள் ஜாக்கிரதை!

ரஸ்புடின் மகள் மரியா என்ன ஆனார்? சர்க்கஸில் சிங்கம் பழக்கினார்! ஒரு கரடி கடித்துக் குதறியும் பிழைத்தார்.

1914-ல் நிக்கோலஸ் வோட்காவைத் தடை செய்தார். அரசு வருமானத்தில் கால் பங்குக்கு மேல் அதிலிருந்துதான் வந்துகொண்டிருந்தது!

1917 மார்ச் 8. மகளிர் தினம். பெத்ரோகிராத் (செயின்ட் பீட்டர்ஸ்பர்க்தான்!) ஆலைப் பெண்கள் ரொட்டி கேட்டுத் தெருவுக்கு வந்தார்கள். ஒரே வாரம்! மார்ச் 15-ல் ஜார் ரயில் பெட்டியில் உட்கார்ந்து முடி துறந்தார். 304 வருட வம்சத்தை முடித்த அந்தக் கையெழுத்தைப் போட்டது பென்சிலால்!

லெனினின் அண்ணனை 1887-ல் தூக்கில் போட்டார்கள். அதே வருடம் 17 வயது லெனின் பள்ளியில் தங்கப் பதக்கம் வாங்கினார். சான்று கொடுத்த தலைமையாசிரியர் பெயர் ஃபியோதர் கெரன்ஸ்கி. முப்பது வருடம் கழித்து லெனின் கவிழ்த்தது யாருடைய ஆட்சியை? அந்தத் தலைமையாசிரியர் மகன் அலெக்சாண்டர் கெரன்ஸ்கியுடையதை!

ஸ்டாலின் படித்தது குருமடத்தில், பாதிரியார் ஆக! ஜார்ஜிய மொழியில் கவிதையும் எழுதினார். 1895-ல் பத்திரிகையில் வந்தது!

1917 ஏப்ரலில் லெனினையும் கூட்டாளிகளையும் ஜெர்மனி தன் நாட்டு வழியாக ரயிலில் அனுப்பியது. 32 பேர். பெட்டியின் தரையில் சாக்பீஸால் ஒரு கோடு! கோட்டுக்கு இந்தப் பக்கம் ரஷ்யா, அந்தப் பக்கம் ஜெர்மனி. தாண்டக் கூடாது! புகைபிடிக்கிறவர்கள் கழிப்பறைக்குள் போய் அடைத்துக்கொள்ள, வெளியே வரிசை நீண்டது. லெனின் உட்கார்ந்து காகிதத்தை வெட்டி இரண்டு வகைச் சீட்டு போட்டார்: அவசரத்துக்கு ஒன்று, புகைக்க வருபவருக்கு ஒன்று. அவசரக்காரருக்கே முன்னுரிமை! உலகின் முதல் சோஷலிச அரசை நடத்தப் போகிறவர் நடத்திய முதல் விநியோகம் இதுதான் என்பேன்!

அதே வருடம் லெனின் ஆட்கள் கையில் குளிர்கால அரண்மனை விழுந்தது. அமைச்சர்களைக் கைது செய்த சாப்பாட்டு அறையில் கடிகாரத்தை 2 மணி 10 நிமிடத்தில் நிறுத்தினார்கள். மறுபடி ஓடவிட்டது 2017-ல்!

அரண்மனைப் பாதாள அறையில் ஜாரின் ஒயின் சேமிப்பு. காவலுக்குப் போன படை குடித்தது. மாற்றி அனுப்பிய படையும் குடித்தது. தண்ணீர் பீய்ச்சி மூழ்கடிக்க வந்த தீயணைப்பு வீரர்களும் குடித்தார்கள்!

நாட்காட்டி மாறியது. 1918 ஜனவரி 31 இரவு தூங்கப் போன ரஷ்யர்கள் எழுந்தது பிப்ரவரி 14-ல்!

ரொமானோவ் வம்சம் 1613-ல் தொடங்கியது இபாத்தியேவ் மடத்தில். 1918-ல் குடும்பத்தோடு சுட்டுக்கொல்லப்பட்டது இபாத்தியேவ் வீட்டில்! இளவரசிகள் உள்ளாடைக்குள் தைத்து வைத்த வைரங்கள் பட்டுத் தோட்டாக்கள் தெறித்தன. அந்த வீட்டை 1977-ல் இடித்தவர் யார்? பின்னாளில் ரஷ்யாவின் அதிபரான யெல்ட்சின்! 2000-ல் சபை அந்தக் குடும்பத்தைப் புனிதர்கள் ஆக்கியது.

1993-ல் எலும்புகளை அடையாளம் காண ரத்தம் கொடுத்தவர் இங்கிலாந்து ராணியின் கணவர் பிலிப்! ஜாரின் மனைவி அவருக்குப் பாட்டியின் தங்கை!

"நான்தான் இளவரசி அனஸ்தாசியா" என்று அறுபது வருடத்துக்கு மேல் சாதித்தார் ஆன்னா ஆண்டர்சன். இறந்த பிறகு மரபணு சொன்னது: போலந்துத் தொழிற்சாலைப் பெண்!

தீகோன் பெயர் வந்த அந்தக் கிறிஸ்து ரட்சகர் பேராலயம்? கட்ட 44 வருடம். 1931-ல் வெடி வைத்துத் தகர்த்தார்கள். அங்கே 415 மீட்டரில் சோவியத் மாளிகை, அதன் தலையில் 100 மீட்டர் லெனின் சிலை என்று திட்டம். எழவே இல்லை! பள்ளத்தில் தண்ணீர் விட்டு 1960-ல் நீச்சல் குளம் ஆக்கினார்கள். 2000-ல் அதே இடத்தில் பேராலயம் மறுபடி நின்றது!

1929-ல் ஞாயிற்றுக்கிழமையையே ஒழித்தார்கள்! வாரத்துக்கு ஐந்து நாள். ஆளுக்கு ஒரு நிறம், நிறத்துக்கு ஒரு விடுமுறை. கணவன் மஞ்சள், மனைவி பச்சை என்றால் சேர்ந்து விடுமுறையே கிடையாது! ஞாயிறு முழுசாகத் திரும்பியது 1940-ல்.

1937 கணக்கெடுப்பில் கடவுள் நம்பிக்கை உண்டா என்று கேட்டார்கள். இருபது வருட நாத்திகப் பிரசாரத்துக்குப் பிறகும் பெரியவர்களில் பாதிக்கு மேல் "உண்டு" என்றார்கள்! அந்தக் கணக்கெடுப்பையே மறைத்தார்கள். நடத்திய அதிகாரிகளைக் கைது செய்தார்கள்.

லெனின் உடலும் பயணம் போனது! 1941-ல் ஜெர்மன் படை நெருங்கியதும் ரகசியமாக ரயிலேற்றி சைபீரியாவில் தியுமென் நகரத்துக்குக் கொண்டுபோனார்கள். 1945-ல்தான் செஞ்சதுக்கம் திரும்பியது.

அவர் மூளைக்குத் தனிக் கதை! மேதையின் ரகசியத்தைக் கண்டுபிடிக்க ஜெர்மனியிலிருந்து விஞ்ஞானி ஆஸ்கர் ஃபோக்ட்டை வரவழைத்தார்கள். இதற்கென்றே ஓர் ஆய்வுக்கூடம் எழுந்தது. மூளையைக் காகிதம்போல மெல்லிசாகச் சீவினார்கள். எத்தனை சீவல்? சுமார் 31,000!